ஐப்பசி மழைக்கு ஒரு முழுத் தொடை: மசாலா மட்டன் ரோஸ்ட்டும் நம்ம ஊர் கிழங்கும்

புரட்டாசி முடிஞ்சு வர்ற முதல் ஞாயித்துக்கிழமை கும்பகோணத்துல எந்தக் கறிக்கடைக்கு வேணா போயிப் பாருங்க, ஒரு மாசம் வாயைக் கட்டிட்டு இருந்த ஊரு மொத்தமும் அங்கதான் நிக்கும். அந்தக் கூட்டத்துல நின்னுக்கிட்டு நான் "பாய், பின்னந்தொடை ஒண்ணு முழுசா வேணும், பீஸ் போட வேணாம்"னேன். கத்தியை நிறுத்திட்டு என்னை ஏற இறங்கப் பாத்தாரு. "முழுசாவா? என்னா தம்பி, ஏதும் வேண்டுதலா?"ன்னாரு. பின்னாடி நின்ன பெரியவரு ஒருத்தரு "பீஸ் போட்டே வாங்கிக்கப்பா, வீட்டு அருவாமனைல எலும்பு வெட்ட முடியாது"ன்னு ரொம்ப அக்கறையா சொன்னாரு. ரெண்டு பேருக்கும் ஓவன், ரோஸ்ட்டு, இலையுதிர்காலம்னு விளக்கிச் சொல்ற அளவுக்கு எனக்கு அன்னைக்குத் தெம்பு இல்ல.

கதை என்னன்னா எங்க அக்கா இங்கிலாந்துல இருக்கா. அங்க அக்டோபர்ல குளிர் ஆரம்பிச்சதும் ஆட்டுத்தொடையை முழுசா மசாலா தடவி ஓவன்ல வச்சு, கூடவே அந்த சீசன் காயி, அதாவது பறங்கி மாதிரி ஒரு காய், கேரட், பீட்ரூட், பார்ஸ்னிப்னு வெள்ளையா கேரட் மாதிரி ஒரு கிழங்கு, எல்லாத்தையும் ஒரே தட்டுல சுட்டு எடுப்பா, வீடியோ கால்ல அதைக் காட்டி வெறுப்பேத்துவா. நமக்கு ஏது இலையுதிர்காலம், இங்க ஐப்பசி அடைமழைதான். ஆனா யோசிச்சுப் பாத்தா அதே நேரத்துலதான் நமக்கும் கிழங்கு வர ஆரம்பிக்குது, சேனை, சேப்பங்கிழங்கு, சர்க்கரைவள்ளி எல்லாம் ஐப்பசி கடைசில தலை காட்டி தைப் பொங்கலுக்குள்ள மார்க்கெட்டை ரொப்பிடும். திருவாதிரைக்கு ஏழு காய் போட்டு ஏழுதான் கூட்டு வைக்க என்னென்ன வாங்குறோமோ கிட்டத்தட்ட அதே லிஸ்ட்டுதான், கூட கறி சேருது, அவ்ளோதான் (எங்க அப்பாயி காதுல இது விழுந்தா என்னைத் தெருவுல நிக்க வச்சிருக்கும்).

கறியும் காயும் ஒண்ணா வேகுறது நமக்குப் புதுசும் இல்ல. நாகூர், கூத்தாநல்லூர், முத்துப்பேட்டைப் பக்கம் கல்யாண வீட்ல சாப்ட்டவங்களுக்கு தால்சா தெரியும், எலும்பும் பருப்பும் கத்திரிக்காயும் வாழைக்காயும் ஒரே சட்டில கெடக்கும். தரங்கம்பாடில டேனிஷ்காரங்க 1620லேர்ந்து 1845ல ஆங்கிலேயர்கிட்ட வித்துட்டுப் போற வரைக்கும் 225 வருஷம் இருந்திருக்காங்க, அவங்க வீட்டு அடுப்புல இதே பறங்கியும் இதே ஆடும் சேந்து வெந்திருக்காதான்னு நான் அடிக்கடி நெனச்சுக்குவேன். அதனால ஃப்யூஷன்னு யாரும் பயப்பட வேணாம்.

ஓவனையே தொட்டதில்லைங்கறவங்களுக்காகத்தான் இதை எழுதுறேன். மூணு தடவை சொதப்பி நாலாவது தடவைதான் எனக்கே சரியா வந்துச்சு. அந்த மூணு சொதப்பலும் நீங்க பண்ணக்கூடாதுங்கறதுக்காக கொஞ்சம் நீட்டி முழக்கித்தான் சொல்லுவேன், பொறுத்துக்குங்க.

முதல்ல கறி

இங்கிலாந்துல லேம்ப்னா ஒரு வயசுக்குள்ள இருக்குற செம்மறிக்குட்டி. நம்ம கடைல மட்டன்னு கேட்டா பெரும்பாலும் வெள்ளாடுதான் கெடைக்கும். வெள்ளாட்டுல கொழுப்பு கம்மி, ஓவன்ல வச்சா சீக்கிரம் காஞ்சு போயிரும், செம்மறில கொழுப்பு ஜாஸ்தி, அது உருகி கறியைக் காயாம பாத்துக்கும், அதுல காயும் வேகும். அதனால இதுக்கு மட்டும் செம்மறி கெடைச்சா நல்லது. நம்ம பக்கம் சம்பா அறுப்பு முடிஞ்சதும் ராமநாதபுரத்துப் பக்கத்துலேர்ந்து கீதாரிங்க செம்மறி மந்தையை ஓட்டிட்டு வந்து வயல்ல கிடை போடுவாங்கல்ல, அந்த மாதிரி மேஞ்சு வளந்த ஆட்டுக்கறி வாசமே தனி. சில பேருக்கு செம்மறி வாடை புடிக்காது, அவங்க தாராளமா வெள்ளாடே வாங்குங்க, எண்ணெய் மட்டும் ரெண்டு ஸ்பூன் கூட ஊத்திக்கணும்.

கடைல கேக்க வேண்டியது இதுதான். பல்லு போடாத குட்டியா, பின்னந்தொடை, எலும்போட, ஒன்றரை கிலோ. மேல இருக்குற சவ்வை மட்டும் எடுக்கச் சொல்லுங்க, கொழுப்பை எடுக்க விடாதீங்க. அவரு நல்லது பண்றதா நெனச்சு கொழுப்பை வழிச்சு எறிஞ்சுருவாரு, கண்ணு வச்சுக்கிட்டே இருக்கணும்.

இதை விட முக்கியமானது ஒண்ணு இருக்கு, அதுதான் என்னோட முதல் சொதப்பல். கறி வாங்கப் போறதுக்கு முன்னாடி உங்க ஓவன் உள்ள டேப் வச்சு அளந்துட்டுப் போங்க. நான் 28 லிட்டர் ஓடிஜி, அதாவது மேடை மேல வைக்கிற சின்ன கரண்டு ஓவன் வச்சிருக்கேன், தொடையைக் கொண்டாந்து உள்ள வச்சா கால் வெளிய நீட்டிக்கிட்டு கதவு மூடல. மழைல நனைஞ்சுக்கிட்டு அதே கடைக்கு மறுபடி போயி "பாய், முட்டிக்குக் கீழ மட்டும் வெட்டிக் குடுங்க"ன்னப்ப அவரு சிரிச்ச சிரிப்பு இன்னும் மறக்கல. வெட்டுன கால் எலும்பை எறியாதீங்க, அதுக்கு வேலை இருக்கு.

இன்னொண்ணு கரண்டு. இந்த அளவு ஓடிஜி பெரும்பாலும் 1,500 வாட் கிட்ட இழுக்கும், வீட்ல இருக்குற சின்ன 6 ஆம்ப் பிளக் 1,380 வாட் வரைக்கும்தான் தாங்கும். ஏசி மாட்டுற பெரிய பவர் பிளக்லதான் சொருகணும், எக்ஸ்டென்ஷன் பாக்ஸ்ல மாட்டி மூணு மணி நேரம் ஓட விட்டா ஒயரு உருகிடும்.

மசாலா

ஆறு பேருக்கு இந்த அளவு சரியா இருக்கும். கொத்தமல்லி விதை மூணு டேபிள்ஸ்பூன், மிளகு ஒரு டேபிள்ஸ்பூன், சோம்பு ஒரு டேபிள்ஸ்பூன், சீரகம் ரெண்டு டீஸ்பூன், காஞ்ச மிளகா எட்டு, பட்டை ரெண்டு இஞ்ச், கிராம்பு அஞ்சு, ஏலக்கா நாலு. வெறும் சட்டில சின்னத் தீயில வறுத்து, ஆற வச்சு, கொரகொரன்னு பொடிச்சுக்குங்க. நைசா அரைச்சா மேல மாவு மாதிரி ஒட்டிக்கிட்டு கருகிரும். கடைல விக்கிற மட்டன் மசாலா பாக்கெட்டும் போடலாம், ஆனா அதுல ஏற்கனவே உப்பு இருக்கான்னு பின்னாடி படிச்சுப் பாத்துட்டு அப்புறம் உப்பு போடுங்க.

அக்கா ரோஸ்மேரி, தைம்னு ரெண்டு இலை போடுவா. அதைத் தேடி நீங்க சூப்பர் மார்க்கெட் எல்லாம் அலைய வேணாம். உங்க கொல்லைல, மாடில, ஏதாவது ஒரு ஒடைஞ்ச பக்கெட்டுல கற்பூரவல்லி இருக்கும்ல, சளி புடிச்சா புள்ளைங்களுக்குச் சாறு குடுப்போமே, அதுதான். தைம் இலைக்கு வாசம் குடுக்குற தைமால், கார்வக்ரால் ரெண்டும் கற்பூரவல்லிலயும் இருக்கு, கசக்கி மோந்து பாத்தாலே தெரியும். பத்து இலையைப் பொடியா நறுக்கிக்குங்க. இல்லன்னா அரை டீஸ்பூன் ஓமத்தை நசுக்கிப் போடுங்க, அதுலயும் தைமால்தான். ரெண்டையும் சேத்துப் போட்டுறாதீங்க, கறி கஷாயம் மாதிரி நாறும்.

இஞ்சி 40 கிராம், பூண்டு 40 கிராம் அரைச்சது, கெட்டித் தயிர் 150 கிராம், மஞ்சத்தூள் ஒரு டீஸ்பூன், நல்லெண்ணெய் நாலு டேபிள்ஸ்பூன், பொடிச்ச மசாலா, கற்பூரவல்லி எல்லாம் ஒண்ணாக் கொழைச்சு வச்சுக்குங்க. தயிரை மெல்லிசு துணில கட்டி ஒரு மணி நேரம் தொங்க விட்டுத் தண்ணியை வடிச்சுறணும். ஏன்னு கேட்டா, கறி மேல தண்ணி இருக்குற வரைக்கும் அந்த எடத்துல சூடு 100 டிகிரிக்கு மேல ஏறாது, மேல செவந்து மொறுமொறுன்னு ஆகணும்னா 140 டிகிரி கிட்டயாவது வரணும். தண்ணித் தயிரைத் தடவி வச்சா ரோஸ்ட்டுக்குப் பதிலா குழம்புல வெந்த கறிதான் கெடைக்கும்.

உப்பு கிலோவுக்கு 12 கிராம்னு கணக்கு வச்சுக்குங்க, ஒன்றரை கிலோவுக்கு 18 கிராம், தூள் உப்புன்னா தலை தட்டி மூணு டீஸ்பூன் வரும். கறியைக் கழுவிட்டு ஒரு சுத்தமான துணியால நல்லா ஒத்தி ஈரமே இல்லாம தொடைங்க, அப்புறம் கத்தி மொனையால அங்கங்க ஒரு இஞ்ச் ஆழத்துக்குக் குத்தி முதல்ல உப்பை மட்டும் தேச்சு அரை மணி நேரம் விடுங்க. கொஞ்சம் தண்ணி விடும், அதைத் தொடைச்சுட்டு மசாலாவைப் பூசுங்க. குத்துன ஓட்டைக்குள்ள விரலை விட்டு மசாலாவை அமுக்கணும், மேலாப்புல தடவுனா உள்ள சப்புன்னு இருக்கும். மூடி போட்ட பாத்திரத்துல ராத்திரி முழுக்க ஃபிரிட்ஜ்ல இருக்கட்டும்.

ரெண்டாவது சொதப்பலை இங்க சொல்லிடுறேன். சீக்கிரம் வேகட்டும்னு பப்பாளிக்காயை அரைச்சுப் போட்டு ராத்திரி பூரா ஊற வச்சேன். காலைல தொட்டா மேல் பக்கம் கூழு. பப்பாளிப்பால் கறியோட புரதத்தையே வெட்டிப் போட்டுரும், வெளிய கொழகொழன்னும் உள்ள வெறைப்பாவும் நின்னுச்சு. மெதுவா வேக வைக்கிற சமையலுக்குப் பப்பாளி தேவையே இல்ல.

காய்

மொத்தமா ஒன்னேகால் கிலோ காய் போதும். பறங்கிக்காய் 350 கிராம், சர்க்கரைவள்ளி 250, சேனை 250, சேப்பங்கிழங்கு 200, உரிச்ச சின்ன வெங்காயம் 200. கேரட் வேணும்னா சேனையைக் கொறைச்சுட்டுப் போட்டுக்கலாம். தஞ்சாவூர்க்காரங்க காமராஜர் மார்க்கெட்லயும் கும்பகோணத்துக்காரங்க தாராசுரம் மார்க்கெட்லயும் காலைல போனா எல்லாமே ஒரே ரவுண்டுல முடிஞ்சுரும், உழவர் சந்தைக்குப் போனா இன்னும் நல்லது, மண்ணோட இருக்குற கிழங்கு கெடைக்கும். பறங்கி நல்லா பழுத்து உள்ள காவிக் கலருல இருக்குறதாப் பாத்துக் கீத்தா வாங்குங்க, பிஞ்சு வேணாம்.

புதுசா பண்றவங்க எல்லாருமே தடுக்கி விழுற எடம் இதுதான்: எல்லாக் காயையும் கறியோடயே உள்ள தள்ளிட்டு மூணு மணி நேரம் கழிச்சு எடுக்குறது. என் மூணாவது சொதப்பல் அதுதான். பறங்கிக்காய் இருந்த எடமே தெரியல, கரைஞ்சு போச்சு, சேனை மட்டும் கல்லு மாதிரி கெடந்துச்சு, எங்க அம்மா ஒரு வாய் சாப்ட்டுட்டு தொண்டையைப் புடிச்சுக்கிட்டு "டேய் என்னாடா போட்ட, அரிக்குது"ன்னாங்க. ஒவ்வொரு காய்க்கும் ஒவ்வொரு நேரம், அதை மட்டும் புரிஞ்சுக்கிட்டா மிச்சதெல்லாம் ஓவனே பாத்துக்கும்.

சேனைல கால்சியம் ஆக்சலேட்டுனு ஊசி ஊசியா ஒரு உப்பு இருக்கு, அதுதான் கையையும் நாக்கையும் அரிக்க வைக்குது. கையில நல்லெண்ணெய் தடவிக்கிட்டு தோல் சீவி ஒன்றரை இஞ்ச் துண்டாப் போட்டு, எலுமிச்சை அளவு புளியைக் கரைச்ச தண்ணில மஞ்சள், உப்பு போட்டு 10 நிமிஷம் கொதிக்க விட்டு அந்தத் தண்ணியைக் கொட்டிருங்க. முக்கால் வேக்காடு போதும். சேப்பங்கிழங்கைத் தோலோட தனியா வேக வச்சு, கத்தி போனாலும் கொஞ்சம் பிடிக்கிற பதத்துல எடுத்து, ஆறுனப்புறம் உரிச்சு ரெண்டாப் பொளந்துக்குங்க, கொழைய விட்டா ஓவன்ல களியாயிரும். சர்க்கரைவள்ளி பச்சையாவே போகலாம், தோலோட நல்லாத் தேச்சுக் கழுவி தடிமனா வட்டம் வட்டமா வெட்டிக்குங்க. வெங்காயம் முழுசா. பறங்கிக்காயைத் தோல் சீவாம பெரிய பெரிய துண்டமா வெட்டி கடைசிலதான் போடணும். வேக வச்சது எல்லாத்தையும் துணில பரப்பி ஈரம் காய விடுங்க, கறிக்குச் சொன்ன அதே காரணம்தான்.

அடுப்பு வேலை

மத்தியானம் ஒன்றரைக்குச் சாப்பாடுன்னா காலைல எட்டு மணிக்கு கறியை ஃபிரிட்ஜ்லேர்ந்து எடுத்து வெளிய வைங்க. ஒரு மணி நேரத்துக்கு மேல வேணாம், நம்ம ஊரு சூட்டுக்கு அதுவே ஜாஸ்தி. எட்டே முக்காலுக்கு ஓவனை 220 டிகிரில மேலயும் கீழயும் ராடு எரியுற மாதிரி வச்சு பதினஞ்சு நிமிஷம் சூடு பண்ணுங்க.

தட்டுல, இரும்போ அலுமினியமோ, ரெண்டு இஞ்சாவது ஆழம் இருக்கணும். அந்த வெட்டுன கால் எலும்பு, நாலு பல்லு பூண்டு, ஒரு கொத்து கறிவேப்பிலை, நாலஞ்சு வெங்காயம் அடில போட்டு, அது மேல தொடையை வச்சு 20 நிமிஷம் மூடாம சுடுங்க. மேல லேசா செவக்கும். (ஒரு நண்பரு ஈயச்சொம்பை ஓவன்ல வைக்கலாமான்னு கேட்டாரு. சத்தியமா வேணாம். அந்த வெள்ளீயம் 232 டிகிரில உருகிரும், உங்க பாட்டி குடுத்த சீரு தட்டுல ஓடிக்கிட்டிருக்கும். ஈயம் பூசுன பித்தளைப் பாத்திரமும் வேணாம்.)

இருபது நிமிஷம் ஆனதும் வெளிய எடுத்து ஒரு டம்ளர் வெந்நி தட்டோட ஓரமா ஊத்துங்க, கறி தலைல ஊத்தாதீங்க. மேல வாழை இலையை வாட்டிப் போத்துங்க. திருவையாத்துப் பக்கம் எல்லாம் கேட்டா சும்மாவே குடுப்பாங்க, நுனி இலை தேவையில்ல, கிழிஞ்ச ஏடு போதும். அது மேல ஃபாயில் போட்டு தட்டு ஓரத்துல இறுக்கி மூடுங்க. ஃபாயில் மட்டும் போட்டாலும் வேகும், ஆனா மூடியைத் தொறக்குறப்ப வர்ற அந்த வாசம் இலைக்குத்தான் உண்டு. சூட்டை 160க்குக் கொறைச்சுட்டு ரெண்டே முக்கா மணி நேரம் மறந்துருங்க.

மறக்கச் சொல்றேன்னா நெஜமாவே மறக்கணும். பத்து நிமிஷத்துக்கு ஒரு தடவ கதவைத் தொறந்தா சூடு எறங்கி எறங்கி நாலு மணி நேரம் ஆனாலும் வேகாது. உள்ள என்னா நடக்குதுன்னா, எலும்பை ஒட்டி இருக்குற நாரும் ஜவ்வும் 70 டிகிரிக்கு மேல மெதுவாக் கரைய ஆரம்பிக்கும், கறியோட உள்சூடு 90, 93னு ஏறி அங்கயே நின்னாத்தான் அது பூரா எளகி பிசுபிசுன்னு பாயாக் குழம்பு பதத்துக்கு வரும். அவசரப்பட்டு ஒன்றரை மணி நேரத்துல எடுத்தா வெந்திருக்கும், ஆனா மெல்ல முடியாது. சமையல் தெர்மாமீட்டர் இருந்தா தடிச்ச எடத்துல குத்தி 93 பாருங்க. இல்லன்னா எலும்பைத் துணியால புடிச்சு லேசாத் திருப்புங்க, கறியை விட்டுக் கழண்டு சுத்துனா பதம் சரி. முரண்டு புடிச்சா இன்னொரு அரை மணி நேரம்.

பதம் வந்ததும் கறியை எடுத்து ஃபாயில்ல சுத்தி, அது மேல ஒரு பழைய டவல் சுத்தி ஓரமா வச்சுருங்க. ஒரு மணி நேரம் ஆனாலும் சூடு போகாது, உள்ள ஓடிக்கிட்டிருக்குற சாறும் அடங்கும். தட்டுல இருக்குற சாறை ஒரு கிண்ணத்துல வடிச்சு அப்படியே வைங்க, கொழுப்பு மேல மெதக்கும்.

இப்பதான் காய்க்கு நேரம். ஓவனை 210க்கு ஏத்துங்க. அந்த மெதக்குற கொழுப்புல மூணு டேபிள்ஸ்பூன் எடுத்து சேனை, சேப்பங்கிழங்கு, சர்க்கரைவள்ளி, வெங்காயம் எல்லாத்துலயும் பெரட்டி, உப்பு, அரை ஸ்பூன் மொளகாத்தூள், கொஞ்சம் சோம்புத்தூள் தூவி அதே தட்டுல ஒண்ணு மேல ஒண்ணு ஏறாம பரப்புங்க. குமிச்சு வச்சா ஆவில அவிஞ்சு போயிரும். தட்டு பத்தலன்னா காயைக் கொறைங்க, குமிக்காதீங்க. 20 நிமிஷம் கழிச்சு எல்லாத்தையும் ஒரு பெரட்டு பெரட்டி அப்ப பறங்கிக்காயைச் சேருங்க. இன்னும் 15 நிமிஷம். அப்புறம் காயை ஓரமாத் தள்ளிட்டு நடுவுல கறியைத் திரும்ப வச்சு 10 நிமிஷம், மேல் ராடு மட்டும் எரியட்டும், கறிமேல மொறுமொறுன்னு செவந்து வரும். இந்தப் பத்து நிமிஷம் மட்டும் பக்கத்துலேர்ந்து நகராதீங்க, மசாலா கருகுறதுக்கு ஒரு நிமிஷம் போதும்.

அது உள்ள இருக்குறப்பவே சாறை ரெடி பண்ணிரலாம். மிச்சக் கொழுப்பை வழிச்சுட்டு, கீழ இருக்குற சாறை ஒரு சின்ன சட்டில கொதிக்க விட்டு, ஒரு ஸ்பூன் கெட்டிப் புளிக்கரைசல், சுண்டக்கா அளவு வெல்லம், நுணுக்குன மிளகு போட்டு பாதியாச் சுண்ட விடுங்க. அய்யம்பேட்டைப் பக்கத்து வெல்லம் கெடைச்சா நல்லது, சக்கரை வேணாம், வெறும் இனிப்பு மட்டும் தனியாத் தூக்கும். உப்பு பாத்துட்டு எறக்குங்க, கறில இருந்தே உப்பு எறங்கியிருக்கும்.

கரண்டு போனா, ஓவன் இல்லன்னா

ஐப்பசில இதை எழுதாம விட்டா அது வழிகாட்டியே இல்ல. பாதில கரண்டு போனா முதல் அரை மணி நேரம் கதவைத் தொறக்காம விடுங்க, உள்ள சூடு நிக்கும். அதுக்கு மேல போச்சுன்னா யோசிக்காம குக்கருக்கு மாத்திருங்க, ஆறிப்போற கறியை உள்ள வச்சு காத்துக்கிட்டிருக்குறது நல்லதில்ல.

குக்கர்ல பண்றவங்க கடைலயே தொடையை மூணு பெரிய துண்டா வெட்டி வாங்கிருங்க. மசாலா எல்லாம் அதேதான். குக்கர்ல எண்ணெய் ஊத்தி துண்டை நாலு பக்கமும் செவக்க வாட்டி, ஒரு டம்ளர் தண்ணி விட்டு, ஒரு விசில் வந்ததும் சிம்ல 25 நிமிஷம். ஆவி தானா அடங்கட்டும். சாறை வடிச்சுட்டு கறியைக் கனமான இரும்புத் தோசைக்கல்லுல, தீயைக் கொஞ்சம் தூக்கி வச்சு, திருப்பித் திருப்பி மொறுக விடுங்க. காயை இரும்புச் சட்டில கொழுப்பு ஊத்தி பரத்திப் போட்டு மூடாம வதக்குங்க, பறங்கி இங்கயும் கடைசிலதான். ஓவன்ல வர்ற மாதிரி முழுத் தொடையைத் தட்டுல தூக்கிட்டு வந்து காட்டுற பந்தா இதுல இல்ல, ருசில பெருசா வித்தியாசம் சொல்ல முடியாது. எங்க வீட்ல அம்மாவுக்கு இதுதான் புடிக்குது, அவங்களுக்கு ஓவன் மேல இன்னும் நம்பிக்கை வரல.

எலைல

பெரிய தாம்பாளத்துல வாழை இலை விரிச்சு நடுவுல தொடை, சுத்தி காய், மேல சாறு ரெண்டு கரண்டி, மிச்சம் கிண்ணத்துல. வெட்டவே வேணாம், ரெண்டு முள்கரண்டியால இழுத்தா நார் நாரா வரும், கையாலயே பிச்சாலும் யாரு கேக்கப் போறா. இங்கிலாந்துல ஆட்டுக்கறிக்கு புதினாவை நறுக்கி வினிகரும் சக்கரையும் கலந்து தொட்டுக்குவாங்களாம், அதைக் கேட்டதும் எனக்குத் தோணுனது புதினாத் தொகையல். தேங்கா கொஞ்சமா, புளி கொஞ்சம் தூக்கலா வச்சு அரைச்சா இதுக்கு அவ்ளோ பொருத்தம். சீரகச்சம்பா சோறு வடிச்சு அந்தச் சாறை ஊத்திப் பெசைஞ்சு சாப்பிடலாம், பரோட்டாவும் நல்லாருக்கும். புள்ளைங்களுக்கு சர்க்கரைவள்ளி முதல்ல காலியாகும், அதனால அதை மட்டும் கூட நாலு துண்டு போட்டு வைங்க.

மீந்த கறியை ஆறுனதும் ஃபிரிட்ஜ்ல வச்சுருங்க, ராத்திரி வரைக்கும் வெளிய விடாதீங்க. எலும்பை மட்டும் யாரையும் தூக்கிப் போட விடாதீங்க. மறுநாள் காலைல அந்தத் தொடை எலும்பு, கால் எலும்பு, ஒட்டிக்கிட்டிருக்குற கறி, மிஞ்சுன பறங்கி, ஒரு ஆழாக்கு துவரம்பருப்பு, ரெண்டு கத்திரிக்கா, அரை வாழைக்கா எல்லாத்தையும் குக்கர்ல போட்டு நாலு விசில் விட்டு, புளி ஊத்தி, பட்டை சோம்பு கறிவேப்பிலை தாளிச்சுக் கொட்டுங்க. போன வாரம் அந்த தால்சாவை ஒரு தூக்குல ஊத்தி கறிக்கடை பாய்க்குக் கொண்டு போயிக் குடுத்தேன். மூடியைத் தொறந்து மோந்து பாத்துட்டு "இதுக்குத்தானா தம்பி முழுத்தொடை கேட்டீங்க, மொதல்லயே சொல்லியிருக்கலாம்ல"ன்னாரு. இல்ல பாய் இது மறுநாளுதுன்னேன், அவரு நம்பல.